அமெரிக்க மாநிலங்களில் ஓட்டுநர் உரிமம்: ஒரு வரலாற்றுப் பார்வை



சென்ற பள்ளி விடுமுறையின்போது என் முன்னாள் மாணவி ஒருத்தியின் தாயார் வீட்டிற்கு வந்திருந்தார். ஐம்பது வயதைக் கடந்தவர். தோட்டத் தமிழ்ப்பள்ளியில் ஆறாம் ஆண்டு வரை பயின்றவர். இப்போது வேலைக்குப் போய்வர மோட்டார் சைக்கிள் உரிமம் தேவைப்படுகிறது. "ஓட்டுறதுக்குப் பயமில்ல சார். இந்த உண்டாங் பரீட்சைதான் பயமா இருக்கு. மலாய் அவ்வளவா படிக்க வராது" என்றார். கணினியில் தமிழிலேயே வினாக்களைப் படித்து விடை சொல்லலாம் என்பதை அவர் அறிந்திருக்கவில்லை. 50 வினாக்களில் 42க்குச் சரியான விடை அளித்தால் தேர்ச்சி என்று விளக்கினேன். அவர் முகத்தில் தெரிந்த ஆறுதலை எழுத்தில் கொண்டுவர எனக்கு இயலாது.

நூலைப் புரட்டிக்கொண்டிருந்தவர் இடையில் ஒரு கேள்வி கேட்டார். "மத்த நாட்டுல எல்லாம் நம்ம மாதிரி ஆளுங்க என்னா சார் செய்வாங்க?" எனக்கு உடனே விடை சொல்லத் தெரியவில்லை. அதன் பிறகு சில வாரங்கள் தேடிப் படித்தவற்றையே இங்கு எழுதுகிறேன். அமெரிக்காவைத் தேர்ந்தெடுத்ததற்கு ஒரு காரணம் உண்டு. நம் நாட்டில் உரிமம் வழங்குவது ஒரே இலாகா. பெர்லிசிலும் ஜொகூரிலும் ஒரே சட்டம். அமெரிக்காவில் அப்படியன்று. உரிமம் வழங்குவது அங்கே மாநில அரசின் அதிகாரம். எனவே ஒரே நாட்டிற்குள் பல வேறு வழக்கங்கள் அக்கம்பக்கமாக வளர்ந்து வந்ததைக் காண முடிகிறது.

இன்று நமக்கு உரிமம் என்றதும் தேர்வு என்பதே நினைவுக்கு வரும். தொடக்கத்தில் இரண்டும் ஒன்றாகப் பிறக்கவில்லை. 1903இல் மாசசூசெட்ஸ், மிசோரி ஆகிய இரு மாநிலங்கள் முதன்முதலாக ஓட்டுநர் உரிமத்தைக் கட்டாயமாக்கின. ஆனால் தேர்வு கிடையாது. கட்டணம் செலுத்தினால் தாள் கைக்கு வந்துவிடும். மிசோரி தன் ஓட்டுநர்களைச் சோதிக்கத் தொடங்கிய ஆண்டு 1952. அதாவது ஏறத்தாழ அரை நூற்றாண்டுக் காலம், வண்டியின் நிறுத்துவிசை எந்தக் காலுக்குக் கீழே இருக்கிறது என்பதை அறியாதவரும் அங்கே சட்டப்படி ஓட்டுநராக இருக்க முடிந்தது. ரோட் ஐலண்டு என்னும் மிகச் சிறிய மாநிலமே 1908இல் உரிமத்தையும் தேர்வையும் சேர்த்துக் கொண்டுவந்தது. 1909இல் பென்சில்வேனியா பதினெட்டு வயது என்று ஒரு வரம்பு விதித்தது.

அக்காலத்துச் சட்டங்களைப் படிக்கையில் என்னை நிறுத்தி வைத்த செய்தி ஒன்று உண்டு. 1910இல் நியூயார்க் மாநிலம் இயற்றிய சட்டம் கூலிக்கு ஓட்டும் சாரதிகளுக்கே உரிமத்தைக் கட்டாயமாக்கியது. மகிழுந்தின் சொந்தக்காரர் தாமே ஓட்டினால் அவருக்கு அது தேவையில்லை. மாசசூசெட்சிலும் ஓட்டுநர் அனைவருக்கும் தேர்வு என்ற நிலை 1920இல்தான் வந்தது. அந்நாளில் மகிழுந்து பணக்காரர்களின் உடைமை. முதலாளியின் வண்டியை இரவில் எடுத்துக்கொண்டு உலா வரும் சாரதிகளைப் பற்றியே பத்திரிகைகள் புலம்பிக்கொண்டிருந்தன. ஆகவே வேலைக்காரனைச் சோதித்தார்கள், எசமானை நம்பினார்கள். விபத்து யாரால் நேர்ந்தது என்று பார்த்துச் செய்த சட்டமாக எனக்கு அது தோன்றவில்லை.

இவ்வாறு உரிமம் கேட்கும் அதிகாரம் ஒரு மாநிலத்திற்கு உண்டா என்ற ஐயமும் எழுந்தது. வாஷிங்டன் நகரவாசி ஒருவர் அண்டை மாநிலமான மேரிலாந்துக்குள் அம்மாநிலத்தின் பதிவுச் சான்றில்லாமல் வண்டியோட்டிச் சென்று தண்டம் விதிக்கப்பட்டார். வழக்கு உச்ச நீதிமன்றம் வரை சென்றது. 1915இல் வந்த தீர்ப்பு, சாலைப் பாதுகாப்பின் பொருட்டு வண்டிகளைப் பதிவு செய்யவும் ஓட்டுநருக்கு உரிமம் வழங்கவும் மாநிலங்களுக்கு அதிகாரம் உண்டு என்று உறுதி செய்தது. பின்னர் நடந்தவை யாவும் இத்தீர்ப்பின்மேல் எழுந்தவையே.

மகிழுந்து விலை குறைந்து எளியவர் கைக்கும் வந்தபோது சாவும் பெருகியது. 1924 திசம்பரில், அப்போது வணிகத்துறைச் செயலாளராக இருந்த எர்பர்ட் ஊவர் சாலைப் பாதுகாப்பிற்கென ஒரு தேசிய மாநாட்டைக் கூட்டினார். மாநிலங்கள் பின்பற்றத்தக்க மாதிரிச் சட்டங்கள் 1926இல் உருவாயின. எனினும் மாதிரி மாதிரியாகவே இருந்தது. 1935ஆம் ஆண்டிலும் 39 மாநிலங்களில் மட்டுமே உரிமம் வழங்கப்பட்டது. அவற்றுள் பலவற்றில் தேர்வில்லை. 1937இல் மட்டும் 37,000 பேருக்கு மேல் அமெரிக்கச் சாலைகளில் மடிந்தனர். இருப்பினும் இல்லினாய் 1953 வரையிலும், விசுகான்சின் 1956 வரையிலும் தேர்வின்றியே உரிமம் வழங்கின. கடைசியாக வந்த மாநிலம் தெற்கு டகோட்டா. அங்கே உரிமமே 1954இல்தான், தேர்வு 1959இல். பரந்த வேளாண் நிலங்களைக் கொண்ட மாநிலம் அது. விளைச்சலைச் சந்தைக்குக் கொண்டுபோகும் வீட்டுப் பிள்ளையை அரசு அதிகாரி வந்து சோதிப்பதா என்ற எண்ணம் அவர்களிடம் இருந்திருக்கும் போலும். இன்றும் அங்குப் பதினான்கு வயதுச் சிறுவர் பயிற்சி உரிமம் பெறலாம். நம் நாட்டில் மோட்டார் சைக்கிளுக்குப் பதினாறு, மகிழுந்துக்குப் பதினேழு என்பதைப் பெற்றோர் அறிவர்.

ஆசிரியர்கள் அறிந்திருக்க வேண்டிய பெயர் ஒன்று உண்டு: ஆமோசு நைஹார்ட். பென்சில்வேனியா மாநிலக் கல்லூரியில் பணியாற்றியவர். நிறுத்தி வைத்திருந்த தம் மகிழுந்தைக் குடிபோதையில் வந்த ஒருவர் மோதியதைக் கண்டு, தண்டம் விதிப்பதைவிடக் கற்பிப்பதே பயன் தரும் என்ற முடிவுக்கு அவர் வந்தார். 1934இல் தம் ஊரின் உயர்நிலைப் பள்ளி மாணவர்களுக்குத் தம் சொந்த வண்டியிலேயே ஓட்டுநர் பயிற்சி அளிக்கத் தொடங்கினார். அமெரிக்கப் பள்ளிகளில் ஓட்டுநர் கல்வி ஒரு பாடமாக வளர்ந்ததற்கு அதுவே வித்து. ஊதியமில்லாத வேலைக்குச் சொந்தப் பொருளைக் கொண்டுவந்து போடுவது ஆசிரியர்களுக்கு எந்த நாட்டிலும் பழக்கம்தான் போலிருக்கிறது.

பள்ளியையும் உரிமத்தையும் வேறொரு வகையிலும் பிணைத்திருக்கிறார்கள். 1988இல் மேற்கு வர்ஜீனியா மாநிலம், பதினெட்டு வயதுக்குட்பட்டோர் படிப்பை இடையில் நிறுத்தினால் அவர்களுடைய உரிமத்தைப் பறிக்கலாம் எனச் சட்டம் இயற்றியது. பிற மாநிலங்கள் பலவும் அதைப் பின்பற்றின. இதைப் படித்தவுடன் எனக்கு மகிழ்ச்சிதான் ஏற்பட்டது. இடைநிலைப் பள்ளியில் பாதியிலேயே நின்றுவிடும் நம் பிள்ளைகளின் முகங்கள் கண்முன் வந்தன. சற்று ஆற அமர எண்ணியபோது அம்மகிழ்ச்சி நிலைக்கவில்லை. குடும்பச் சூழலால் படிப்பை விட்டு வேலைக்குப் போகும் பையனிடமிருந்து உரிமத்தையும் பறித்தால் அவன் வேலைக்கு எப்படிப் போவான்? உரிமமில்லாமல்தான் போவான். இது பற்றி நான் இன்னும் ஒரு முடிவுக்கு வரவில்லை. ஆசிரிய நண்பர்களின் கருத்தை அறிய விரும்புகிறேன்.

இனி நான் சொல்லப் போகும் நிகழ்ச்சியைப் பலர் கேள்விப்பட்டிருக்க மாட்டீர்கள். மார்ட்டின் லூதர் கிங்கை நம் மாணவர்களும் அறிவர். ஓட்டுநர் உரிமத்தின் பொருட்டு அவர் கடுஞ்சிறைக்கு அனுப்பப்பட்டார் என்பதை நானே அண்மையில்தான் அறிந்தேன்.

1960ஆம் ஆண்டின் தொடக்கத்தில் கிங் அலபாமாவின் மாண்ட்கமரி நகரிலிருந்து ஜார்ஜியாவின் அட்லாண்டா நகருக்குக் குடிபெயர்ந்தார். வேறு மாநிலத்தில் குடியேறுபவர் குறிப்பிட்ட நாள்களுக்குள் பழைய உரிமத்தைக் கொடுத்துவிட்டுப் புதிய மாநிலத்தின் உரிமத்தைப் பெற வேண்டும்; ஜார்ஜியாவில் அதற்கான கெடு 90 நாள். கிங்கிடம் அலபாமா உரிமம்தான் இருந்தது. அவ்வாண்டு மே 4ஆம் நாள், புற்றுநோய்ச் சிகிச்சை பெற்றுவந்த எழுத்தாளர் லில்லியன் சுமித்தை அவர் மருத்துவமனைக்கு அழைத்துச் சென்றுகொண்டிருந்தார். லில்லியன் சுமித் வெள்ளை இனத்தவர். கறுப்பர் ஓட்டும் வண்டியில் வெள்ளைக்காரப் பெண்மணி ஒருவர் அமர்ந்திருப்பதைக் கண்ட காவலர் வண்டியை நிறுத்தினார். உரிமத்தைக் கேட்டார். அது அலபாமா உரிமம். வழக்குப் பதிவாயிற்று.

செப்டம்பரில் நீதிபதி 25 வெள்ளி அபராதமும் ஓராண்டு நன்னடத்தைக் கண்காணிப்பும் விதித்தார். இவ்வளவே என்றால் வரலாற்றில் இதற்கு இடமிருந்திராது. அக்டோபர் 19ஆம் நாள் அட்லாண்டாவின் பெரிய அங்காடி ஒன்றில் கறுப்பின மாணவர்கள் நடத்திய மறியலில் கிங் கலந்துகொண்டு கைதானார். மறியல் செய்த மற்றவர்களை நகரம் விடுவித்தது. கிங்கை மட்டும் பக்கத்து மாவட்டத்தினர் தங்களிடம் ஒப்படைக்கும்படி கேட்டு வாங்கிக்கொண்டனர். மறியல் செய்ததால் நன்னடத்தை நிபந்தனை மீறப்பட்டது என்பது அவர்கள் வாதம். அக்டோபர் 25ஆம் நாள் நான்கு மாதக் கடுங்காவல் தண்டனை விதிக்கப்பட்டது. மறுநாள் விடியும் முன்னரே விலங்கிட்டு, தொலைவிலுள்ள ரீட்சுவில் மாநிலச் சிறைக்குக் கொண்டுபோய்விட்டார்கள். அவருடைய மனைவி கொரெட்டா அப்போது கருவுற்றிருந்தார். கணவரை உயிருடன் காண்போமா என்ற அச்சம் அவருக்கு. அக்காலத்துத் தென் மாநிலச் சிறைகளைப் பற்றிப் படித்தவர்கள் அது மிகையான அச்சமன்று என்பதை உணர்வார்கள்.

அது அதிபர் தேர்தல் காலம். வாக்களிப்புக்கு இரண்டு வாரமும் இல்லை. வேட்பாளர் ஜான் கென்னடி கொரெட்டாவைத் தொலைபேசியில் அழைத்து ஆறுதல் கூறினார். அவருடைய தம்பி ராபர்ட் கென்னடி நீதிபதியுடன் பேசினார். அக்டோபர் 27ஆம் நாள் கிங் பிணையில் வெளிவந்தார். எதிர்த்து நின்ற ரிச்சர்ட் நிக்சன் வாய் திறக்கவில்லை. தேர்தலுக்கு முந்திய ஞாயிற்றுக்கிழமை, கறுப்பின மக்களின் தேவாலய வாசல்களில் இச்செய்தியைத் தாங்கிய நீலநிறத் துண்டறிக்கைகள் இலட்சக்கணக்கில் விநியோகிக்கப்பட்டன. நவம்பர் 8ஆம் நாள் நடந்த தேர்தலில் ஏறத்தாழ 6 கோடியே 80 இலட்சம் வாக்குகள் பதிவாயின. கென்னடிக்கும் நிக்சனுக்கும் இடையே இருந்த வேறுபாடு ஓர் இலட்சத்தைச் சற்றே தாண்டியது. தேர்தல் முடிவை இந்த ஒரு நிகழ்ச்சியே தீர்மானித்தது என்று நான் சொல்ல மாட்டேன். அவ்வளவு நெருக்கமான போட்டியில் எதையும் காரணமாகச் சுட்டலாம். ஆயினும் மாற்றப்படாத ஓர் உரிமம் இவ்வளவு தொலைவு சென்றது என்பது உண்மை.

உரிமம் என்ற சொல்லைப் பற்றி ஓர் இடைக்குறிப்பு. தமிழில் அச்சொல் உரிமை என்னும் சொல்லோடு உறவுடையது. அமெரிக்க மாநிலங்களோ வண்டியோட்டுதல் உரிமையன்று, அரசு தரும் சலுகையே என்று நெடுங்காலம் சொல்லி வந்தன. சலுகையாயின் தந்தவர் எப்போது வேண்டுமானாலும் திரும்பப் பெறலாம். இக்கருத்தை அசைத்தது 1971இல் வந்த உச்ச நீதிமன்றத் தீர்ப்பு. ஜார்ஜியாவைச் சேர்ந்த பாதிரியார் ஒருவரின் மகிழுந்தின் பக்கவாட்டில் சிறுமி ஒருத்தி மிதிவண்டியோடு வந்து மோதினாள். பாதிரியாரிடம் காப்புறுதி இல்லை. தவறு யார்மீது என்று விசாரிக்காமலேயே, பெற்றோர் கோரிய 5,000 வெள்ளிக்கு ஈடு கட்டாவிட்டால் உரிமம் நிறுத்திவைக்கப்படும் என்றது மாநிலம். மூன்று சிற்றூர்களின் திருச்சபைப் பணிக்கு அவர் மகிழுந்தில்தான் சென்று வந்தார். ஒருவருடைய பிழைப்புக்கு இன்றியமையாததாகிவிட்ட உரிமத்தை முறையான விசாரணையின்றிப் பறிக்கக்கூடாது என்று நீதிமன்றம் கூறியது. தமிழ்ச்சொல்லின் பொருளுக்கு அவர்கள் சற்று நெருங்கி வந்தார்கள் என்று வைத்துக்கொள்ளலாம்.

அந்தத் தாயாரின் கேள்விக்கு இப்போது வருகிறேன். மொழி தெரியாதவர் என்ன செய்வார்? இதற்கும் அலபாமாதான் விடை வைத்திருக்கிறது. 1970களிலிருந்து அம்மாநிலம் ஓட்டுநர் எழுத்துத் தேர்வைப் பதினான்கு அயல்மொழிகளில் நடத்தி வந்தது. எசுப்பானியம், கொரியம், வியட்நாமியம், கிரேக்கம் முதலியன அவற்றுள் அடங்கும். 1990இல் ஆங்கிலமே மாநிலத்தின் ஆட்சிமொழி என்று அலபாமாவின் அரசியலமைப்பு திருத்தப்பட்டது. 1991இல் மற்ற மொழிகளில் தேர்வு நிறுத்தப்பட்டது. மொழிபெயர்ப்பாளர் கூடாது, அகராதியும் கூடாது.

ஆங்கிலம் பேசும் எழுத்தறிவில்லாதோருக்குத் தனி ஏற்பாடு உண்டு. காது கேளாதோருக்கும் உண்டு. பிற மாநில உரிமம் வைத்திருப்பவர் எழுத்துத் தேர்வு இல்லாமலேயே அதை மாற்றிக்கொள்ளலாம். சாலைப் பலகைகளைப் படிக்க ஆங்கிலம் வேண்டும் என்று மாநிலம் சொன்ன காரணம் இவ்விடத்தில் வலுவிழந்து போகிறது.

மெக்சிகோவிலிருந்து வந்து நிரந்தர வசிப்புரிமை பெற்ற சண்டோவால் என்னும் பெண்மணி, தம்மைப் போன்ற அனைவருக்குமாக 1996இல் வழக்குத் தொடுத்தார். நடுவண் அரசின் நிதியைப் பெறும் துறைகள் இனம், பிறப்பிடம் ஆகியவற்றின் பெயரால் வேற்றுமை காட்டலாகாது என்னும் 1964ஆம் ஆண்டின் குடியுரிமைச் சட்டமே அவருக்குத் துணை. கீழ்நீதிமன்றத்தில் 1998இல் வென்றார், மேல்முறையீட்டிலும் வென்றார். 2001 ஏப்ரல் 24ஆம் நாள் உச்ச நீதிமன்றத்தில் ஐந்துக்கு நான்கு என்ற கணக்கில் தோற்றார். அங்கும் ஆங்கிலத்தில் மட்டும் தேர்வு நடத்துவது சரியென்று நீதிபதிகள் தீர்ப்பளிக்கவில்லை. வேண்டுமென்றே காட்டப்படாத, விளைவினால் மட்டுமே ஏற்படும் வேற்றுமைக்காகத் தனியார் ஒருவர் இவ்விதிகளின்கீழ் வழக்குத் தொடுக்க இயலாது என்பதே தீர்ப்பின் சாரம். கதவு பூட்டியிருப்பது முறையா என்று கேட்டுப் போனவரிடம், கதவைத் தட்ட உமக்குத் தகுதியில்லை என்று சொன்னதற்கு ஒப்பாகும் இது. சிறுபான்மையினருக்காக வாதாடும் அமெரிக்க வழக்கறிஞர்கள் பிற்பாடு பல வழக்குகளில் இத்தீர்ப்பில் வந்து முட்டிக்கொண்டார்கள்.

வியப்பு என்னவென்றால், வழக்கில் வென்ற அலபாமா தேர்வைப் பல மொழிகளிலேயே தொடர்ந்து நடத்தியது. தென்கொரிய மகிழுந்து நிறுவனமான ஹூண்டாய் 2005இல் மாண்ட்கமரியில் தன் ஆலையைத் திறந்தது. வெளிநாட்டார் வரவு மாநிலத்திற்கு வருவாயாகவும் இருந்த காலம் அது. ஆங்கில ஆட்சிமொழிப் பற்றாளர்கள் இப்போது மாநில அரசின்மீதே வழக்குத் தொடுத்தார்கள். 2007இல் அலபாமாவின் உச்ச நீதிமன்றம் அவர்களுடைய கோரிக்கையை ஏற்க மறுத்தது. ஆக, ஏழை ஒருவர் கேட்டுக் கிடைக்காதது வேறு வழியில் வந்து சேர்ந்தது.

அதே மாநிலத்தைப் பற்றி இன்னொன்றும் சொல்ல வேண்டும். அமெரிக்காவில் கட்டாய அடையாள அட்டை கிடையாது. நம் மைகார்ட் செய்யும் வேலையை அங்கே ஓட்டுநர் உரிமம்தான் செய்கிறது. வங்கியானாலும் விமானமானாலும் அதையே கேட்பார்கள். கலிபோர்னியா 1958இல் உரிமத்தில் நிழற்படம் சேர்த்தது முதலே அது மெல்ல மெல்ல ஆள் அடையாளமாக மாறிவந்தது. 2001 செப்டம்பர் தாக்குதலை நடத்தியவர்கள் மாநிலங்களின் உரிமங்களையும் அடையாள அட்டைகளையும் எளிதாகப் பெற்றிருந்தனர் என்பது தெரிந்த பின், 2005இல் நடுவண் அரசு உரிமங்களுக்கான பொதுத் தரத்தை வகுத்தது. விமான நிலையங்களில் அது நடைமுறைக்கு வர 2025 மே வரை ஆயிற்று. அலபாமா 2011இல் வாக்களிப்போர் படமுள்ள அடையாளம் காட்ட வேண்டும் எனச் சட்டமியற்றியது. 2015இல் சிக்கனத்தைக் காரணம் காட்டி, பகுதிநேரமாக இயங்கிய 31 உரிம அலுவலகங்களை மூட முற்பட்டது. கறுப்பின மக்கள் செறிந்து வாழும் மாவட்டங்கள் பலவற்றை அது பாதித்தது. நடுவண் போக்குவரத்துத் துறை விசாரணை நடத்திய பின், 2016 திசம்பரில் அப்பகுதிகளின் அலுவலகங்களைக் கூடுதல் நேரம் திறந்து வைக்க மாநிலம் இணங்கியது. விசாரணைக்குப் பயன்பட்டது சண்டோவால் நம்பிச் சென்ற அதே 1964ஆம் ஆண்டுச் சட்டம். தனியாருக்குக் கிடைக்காத கருவி அரசின் கையில் வேலை செய்தது.

இவற்றையெல்லாம் அத்தாயாரிடம் சுருக்கமாகச் சொன்னேன். கிங் சிறை சென்ற கதையை மட்டும் மறுபடியும் சொல்லச் சொல்லிக் கேட்டார். அலபாமா என்னும் பெயர் அவர் வாயில் நுழையவில்லை. மூன்று வாரம், மாலைதோறும் தம் மகளுடன் உட்கார்ந்து நூலைப் படித்தார். 'முந்துதல்', 'சந்திப்பு', 'இடைவெளி' ஆகிய சொற்களைக் கேட்டுத் தெரிந்துகொள்ள இருமுறை தொலைபேசியில் அழைத்தார். சென்ற மாதம் தமிழில் தேர்வு எழுதி 44 விடைகளுக்குப் புள்ளி பெற்றார். இப்போது பயிற்சித் திடலில் அந்த ஒடுக்கமான பலகைமீது கால் ஊன்றாமல் ஓட்டப் பழகி வருகிறார். அதுதான் உண்டாங்கைவிடக் கடினமாக இருக்கிறதாம்.